பாலாற்றங்கரை வரலாறு - ஒரு பி.காம் மாணவனின் கணக்கு

வெளியூரிலிருந்து கல்லூரிக்கு வரும் நண்பர்கள் காஞ்சிபுரத்தைப் பற்றி என்னிடம் கேட்பது மூன்றே மூன்று விஷயம்தான். பட்டுப்புடவை எங்கே நல்லதாகக் கிடைக்கும், கோயில் எத்தனை மணிக்குத் திறக்கும், கோயில் இட்லி கிடைக்குமா? ஆற்றைப் பற்றி இதுவரை யாரும் கேட்டதில்லை. போன மாதம் ஒருவன் கேட்டான். வந்தவாசி போகிற பஸ்ஸில் செவிலிமேடு பாலத்தைத் தாண்டும்போது, "எதுக்குடா இவ்வளவு நீளமா பாலம் கட்டியிருக்காங்க? கீழே வெறும் முள்ளுதானே இருக்கு?" என்றான்.

"இதுதான்டா பாலாறு" என்றேன். சிரித்துவிட்டான்.

எனக்குக் கொஞ்சம் கோபம் வந்தது. வீட்டுக்கு வந்து யோசித்தால், அவனுக்குப் பதில் சொல்கிற அளவுக்கு எனக்கும் ஒன்றும் தெரியவில்லை. அந்த வெட்கத்தில் தேடிப் படித்ததும், வீட்டில் கேட்டுத் தெரிந்துகொண்டதும்தான் இந்தக் கட்டுரை. நான் படிப்பது பி.காம். வரலாற்றுப் பாடம் பத்தாம் வகுப்போடு முடிந்துவிட்டது. வரலாறு படிப்பவர்கள் யாராவது இருந்தால் தப்பைச் சுட்டிக்காட்டுங்கள், கோபித்துக்கொள்ள மாட்டேன் :-)

ஆறு வரும் வழி

பாலாறு கர்நாடகத்தில் நந்தி மலைப் பக்கம் பிறக்கிறது. மொத்த நீளம் 348 கிலோமீட்டர். அதில் கர்நாடகத்தில் 93, ஆந்திராவில் 33, மீதி 222 கிலோமீட்டர் தமிழ்நாட்டில். குப்பம் பக்கமாக வந்து, வாணியம்பாடி, ஆம்பூர், வேலூர், ராணிப்பேட்டை, ஆற்காடு, காஞ்சிபுரம், வாலாஜாபாத், செங்கல்பட்டு என்று வரிசையாக ஊர்களைத் தொட்டுக்கொண்டு, கல்பாக்கத்துக்குப் பக்கத்தில் வயலூரில் கடலில் சேர்கிறது. வழியில் பொன்னையாறு வந்து சேரும். செய்யாறும், எங்கள் ஊருக்குள் ஓடும் வேகவதியும் திருமுக்கூடலில் வந்து கலக்கும். மூன்று ஆறு கூடுவதால் திருமுக்கூடல்.

இது காவிரி மாதிரி வருஷத்தில் பல மாதம் ஓடுகிற ஆறு இல்லை. மழை பெய்தால் ஓடும், பெரும்பாலும் ஐப்பசி கார்த்திகையில். மற்ற மாதங்களில் மேலே மணல், அடியில் தண்ணீர். அகலமான மணல் படுகை வெள்ளத்தைக் குடித்து வைத்துக்கொண்டு, வருஷம் முழுக்கக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுக்கும். மேலே வெயிலடித்தாலும் அடியில் இருக்கிற தண்ணீர் ஏரித் தண்ணீர் போல ஆவியாகிப் போகாது. இந்த ஒரு விஷயம் புரிந்தால்தான் பாலாற்றின் கதையே புரியும். எனக்கே இதைப் புத்தகம் சொல்வதற்கு முன்னால் ஆயாதான் சொன்னார்: "எங்க காலத்துல ஆத்துல தண்ணி ஓடலன்னாலும் கையால நோண்டினா தண்ணி வரும். குடத்தை வெச்சு மொண்டுக்கினு வருவோம்."

வெள்ளத்தைப் பற்றிய ஊர்

காஞ்சிபுரத்தின் தலபுராணக் கதைகளை எடுத்துப் பாருங்கள். ஏகாம்பரேஸ்வரர் கோயிலில் அம்பாள் மணலில் லிங்கம் பிடித்து வைத்துப் பூஜை செய்கிறாள். கம்பை நதி பெருக்கெடுத்து வருகிறது. லிங்கம் கரைந்துவிடக் கூடாதே என்று கட்டிப் பிடித்துக்கொள்கிறாள். அடுத்து திருவெஃகா. பிரம்மாவின் யாகத்தை அழிக்கச் சரஸ்வதி கோபத்தோடு வேகவதி ஆறாகப் பாய்ந்து வர, பெருமாள் குறுக்கே அணையாகப் படுத்துக்கொள்கிறார். அவர்தான் சொன்னவண்ணம் செய்த பெருமாள்.

ஒன்று சைவக் கதை, ஒன்று வைணவக் கதை. இரண்டிலும் பிரச்சினை ஒன்றுதான், வெள்ளம். தண்ணீர் இல்லாத ஊரில் இப்படிக் கதை தோன்றுமா? இன்றைக்கு அந்த வேகவதி ஊருக்குள் சாக்கடை போல ஓடுகிறது என்பது வேறு விஷயம்.

பல்லவர்கள் போட்ட முதலீடு

வணிகவியல் மாணவனாக எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான். வருஷத்தில் சில வாரம் மட்டும் வருகிற வருமானத்தை வருஷம் முழுக்கச் செலவு செய்ய வேண்டும் என்றால் என்ன செய்வோம்? சேமிப்புக் கணக்கு தொடங்குவோம். பல்லவர்கள் தொடங்கிய சேமிப்புக் கணக்குகளின் பெயர் ஏரி.

முதலாம் மகேந்திரவர்மன் மகேந்திரவாடியில் ஒரே பாறையைக் குடைந்து பெருமாளுக்குக் கோயில் அமைத்தான். அங்குள்ள கல்வெட்டிலேயே அது மகேந்திர தடாகத்தின் கரையில் இருப்பதாகச் சொல்லியிருக்கிறது. காஞ்சிபுரத்திலிருந்து பாலாற்றைத் தாண்டினால் மாமண்டூர். அங்கேயும் குடைவரைக் கோயில்கள், பக்கத்தில் சித்திரமேக தடாகம் என்று பழைய பெயர் கொண்ட பெரிய ஏரி. காஞ்சிக்குப் பக்கத்துக் கூரத்தில் கிடைத்த செப்பேடு, முதலாம் பரமேஸ்வரவர்மன் காலத்தில் பரமேஸ்வர தடாகம் என்ற ஏரிக்குப் பாலாற்றிலிருந்து பெரும்பிடுகு என்ற கால்வாய் வெட்டியதைச் சொல்கிறது. சுமார் 1,300 வருஷத்துக்கு முன்னால்! காவேரிப்பாக்கம் ஏரியும் பல்லவர் காலத்தது என்றே சொல்கிறார்கள். தமிழ்நாட்டின் மிகப்பெரிய ஏரிகளில் அதுவும் ஒன்று.

ஏரி வெட்டினால் மட்டும் போதுமா? தூர் வார வேண்டும், கரையைப் பார்த்துக்கொள்ள வேண்டும். இதற்குத்தான் உத்திரமேரூர். முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் (கி.பி. 919, 921) அங்கே இருக்கின்றன. குடவோலை முறை என்று பள்ளிக்கூடத்தில் எல்லோரும் படித்திருப்போம். ஊரை 30 குடும்பாகப் பிரித்து, ஓலையில் பெயர் எழுதிக் குடத்தில் போட்டு ஆள் எடுப்பார்கள். அப்படி எடுத்த குழுக்களில் ஒன்று ஏரி வாரியம், 6 பேர். அதில் என் கண்ணில் பட்ட விதி ஒன்று உண்டு. ஏற்கனவே வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவர் மறுபடி நிற்க முடியாது. அவருடைய நெருங்கிய சொந்தக்காரர்களும் நிற்க முடியாது! எங்கள் தணிக்கைப் பாடத்தில் இதைச் சேர்க்க வேண்டும் என்று தோன்றியது.

திருமுக்கூடலுக்கும் ஒரு பெருமை இருக்கிறது. ஆற்றங்கரையில் இருக்கும் வெங்கடேசப் பெருமாள் கோயிலில் வீரராஜேந்திர சோழன் காலத்து, 11ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு. 15 படுக்கைகள் கொண்ட ஆதுலர் சாலை, அதாவது ஆஸ்பத்திரி, அங்கே நடந்ததாகச் சொல்கிறது. வைத்தியர், அறுவை செய்பவர், மூலிகை கொண்டு வருபவர்கள், நோயாளிகளைக் கவனிக்கும் பெண்கள் என்று ஒவ்வொருவருக்கும் என்ன கொடுக்க வேண்டும் என்றும், என்னென்ன மருந்து இருப்பு வைக்க வேண்டும் என்றும் கல்லில் வெட்டி வைத்திருக்கிறார்கள்.

ஆறு கடலில் சேரும் வயலூரில், பல்லவ அரசர்களின் வம்சாவளியை வரிசையாகச் சொல்லும் ராஜசிம்மன் காலத்துத் தூண் ஒன்று இருக்கிறது. பல்லவர்கள் தங்கள் குலத்தின் பெயர்ப் பட்டியலை இந்த ஆறு முடிகிற இடத்தில் நட்டு வைத்திருக்கிறார்கள் என்பதை நினைத்தால் ஏதோ செய்கிறது.

கம்பெனிக்காரர்களும் ஆறும்

பாலாற்றங்கரையில் சண்டைக்கும் குறைவில்லை. 1751ல் கிளைவ் பிடித்த ஆற்காடு, 1806ல் சிப்பாய்கள் எழுந்த வேலூர், இரண்டும் இந்த ஆற்றங்கரை ஊர்கள்தான். அதெல்லாம் பாடப்புத்தகத்தில் நிறையவே இருப்பதால் தாண்டிப் போகிறேன்.

1850களில் ஆங்கிலேயர்கள் வாலாஜாபேட்டைக்குப் பக்கத்தில் பாலாறு அணைக்கட்டைக் கட்டினார்கள். அதிலிருந்து பிரியும் கால்வாய்கள் எங்கே போகின்றன தெரியுமா? மகேந்திரவாடி ஏரிக்கு, காவேரிப்பாக்கம் ஏரிக்கு, தூசி மாமண்டூர் ஏரிக்கு... மேலே சொன்ன அதே ஏரிகள்! புது எஞ்சினியர்கள் வந்து பழைய சேமிப்புக் கணக்கிலேயே பணம் போட்டிருக்கிறார்கள்.

வேடந்தாங்கலையும் சொல்லியே ஆக வேண்டும். பாலாற்றுக்குத் தெற்கே இருக்கும் சின்ன ஏரி. வெள்ளைக்காரச் சிப்பாய்கள் அங்கே பறவைகளைச் சுட்டதால் ஊர் மக்கள் கலெக்டர் லயனல் பிளேஸிடம் போய் முறையிட்டு, 1798ல் பாதுகாப்புக்கான கவுல் வாங்கினார்கள். மக்களின் அக்கறையில் பாசத்தோடு லாபமும் இருந்தது. பறவை எச்சம் கலந்த ஏரித் தண்ணீர் வயலுக்கு நல்ல உரம். நத்தைகுத்தி நாரை, மஞ்சள் மூக்கு நாரை, கூழைக்கடா எல்லாம் இன்றும் வருகின்றன. 2022ல் வேடந்தாங்கலும் பக்கத்துக் கரிக்கிலியும் ராம்சர் பட்டியலில் சேர்ந்தன. ஏரியைக் காப்பாற்றினால் பறவையும் பிழைக்கும், விவசாயியும் பிழைப்பார் என்பதற்கு இதைவிட என்ன உதாரணம் வேண்டும்?

1892ல் மைசூர் சமஸ்தானமும் சென்னை மாகாணமும் ஒரு ஒப்பந்தம் போட்டன. பட்டியலில் உள்ள ஆறுகளில் மேலே இருக்கும் மைசூர், கீழே இருக்கும் சென்னையைக் கேட்காமல் புது நீர்த்தேக்கம் கட்டக் கூடாது. அந்தப் பட்டியலில் பாலாறும் உண்டு. இருந்தும் தண்ணீர் தகராறு ஓயவில்லை. 2006ல் குப்பம் அருகே கணேசபுரத்தில் ஆந்திரா அணை கட்டப் போவதாகச் சொன்னதும் தமிழ்நாடு உச்ச நீதிமன்றம் போனது. 2016ல் புல்லூர் தடுப்பணை 5 அடியிலிருந்து 12 அடியாக உயர்ந்தபோது மறுபடி நீதிமன்றம்.

ஆனால் எல்லாப் பழியையும் மேலே இருப்பவர்கள் மீது போட்டுவிட்டு நாம் தப்பித்துக்கொள்ள முடியாது. அடுத்த இரண்டு விஷயமும் தமிழ்நாட்டுக்குள் நாமே செய்தவை.

தோல்

முதல் வருஷம் எங்களுக்குச் சுற்றுச்சூழல் கல்வி என்று ஒரு பாடம் இருந்தது. 'மாசு செய்தவரே விலை கொடுக்க வேண்டும்' என்ற கொள்கை, அதற்கு உதாரணமாக ஒரு உச்ச நீதிமன்றத் தீர்ப்பு, 1996. ஐந்து மதிப்பெண் கேள்வி என்று மனப்பாடம் செய்தேன். வேலூர் குடிமக்கள் நல மன்றம் போட்ட வழக்கு. அதில் வருகிற ஆறு எங்கள் வீட்டுக் குழாயில் வருகிற அதே ஆறு என்பது தேர்வு எழுதி முடிக்கும் வரை எனக்கு உறைக்கவில்லை. பாடம் நடத்தியபோதும் யாரும் சொல்லவில்லை.

வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, ராணிப்பேட்டை எல்லாம் தோல் தொழிலுக்குப் பெயர் போன ஊர்கள். முன்பெல்லாம் ஆவாரம்பட்டை போட்டுத் தோலைப் பதப்படுத்தினார்கள். 1970களில் அரைகுறையாகப் பதப்படுத்திய தோலின் ஏற்றுமதிக்கு அரசு கட்டுப்பாடு கொண்டு வந்தது. முழுதாக முடித்த தோலும் செருப்பும் ஏற்றுமதியானால் அந்நியச் செலாவணி கூடும், வேலையும் கூடும் என்பது கணக்கு. கணக்கு தப்பில்லை. ஆம்பூர் ஷூ உலகம் முழுக்கப் போகிறது, ஏராளமான குடும்பங்கள், முக்கியமாகப் பெண்கள், அந்த வேலையில் பிழைக்கிறார்கள். ஆனால் குரோமியம் உப்புப் போட்டுப் பதப்படுத்தும் முறை பரவியது. அந்தக் கழிவு ஆற்றில் இறங்கியது. 1 கிலோ தோலை முடிக்கச் சுமார் 35 லிட்டர் தண்ணீர் வேண்டும் என்றும், கிட்டத்தட்ட 35,000 ஹெக்டேர் விவசாய நிலம் முழுதாகவோ பாதியாகவோ கெட்டுவிட்டது என்றும் அந்தத் தீர்ப்பிலேயே இருக்கிறது.

நீதிபதி குல்தீப் சிங் எழுதிய அந்தத் தீர்ப்பை நாடு முழுக்கச் சட்ட மாணவர்கள் படிக்கிறார்கள். 2025 ஜனவரியில் இதே பாலாறு, இதே தோல் கழிவுக்காக உச்ச நீதிமன்றம் மறுபடி தீர்ப்புச் சொல்ல வேண்டி வந்தது. பாதிக்கப்பட்டவர்களுக்கு இழப்பீடு, கண்காணிக்கக் குழு என்று உத்தரவு. நடுவில் 29 வருஷம். இந்தியாவுக்கே ஒரு கொள்கையைக் கொடுத்த ஆறு அந்தக் கொள்கையின் பலனுக்காக இன்னும் காத்திருக்கிறது.

மணல்

இதை எழுதத்தான் தயக்கமாக இருந்தது. காரணம், இது எங்கள் வீட்டுக்குள்ளேயே வருகிறது.

தாத்தா பிள்ளையார்பாளையத்தில் நெசவு நெய்தவர். பாலாற்றுத் தண்ணீரில் அலசியதால்தான் காஞ்சிப் பட்டுக்கு அந்த மினுமினுப்பு என்று அடிக்கடி சொல்வார். 1986ல் ஓட்டு வீட்டை இடித்து மெத்தை வீடு கட்டினார். அவருடைய கணக்கு நோட்டு இன்னும் இருக்கிறது. சிமெண்ட் இவ்வளவு, கம்பி இவ்வளவு, கொத்தனார் கூலி இவ்வளவு என்று பைசா சுத்தமாக எழுதியிருக்கிறார். ஒரு பக்கத்தில் "மணல் 22 வண்டி" என்று இருக்கிறது. பக்கத்தில் எழுதியிருப்பது மாட்டு வண்டிக்காரருக்குக் கொடுத்த கூலி மட்டும். மணலுக்கு விலை? அப்படி ஒரு வரியே இல்லை. ஆற்றில் கிடக்கிறது, அள்ளிக்கொண்டு வரும் கூலியைக் கொடுத்தால் போதும்.

தாத்தாவைக் குறை சொல்லவில்லை. மாட்டு வண்டி அள்ளியதை அடுத்த வெள்ளம் கொண்டு வந்து போட்டிருக்கும். ஆனால் பிறகு வந்தது பொக்லைனும் லாரியும். சென்னை வளர்ந்த வேகத்துக்குப் பாலாற்று மணல் போய்க்கொண்டே இருந்தது. 2003ல் தமிழக அரசு மணல் குவாரிகளைத் தானே எடுத்து நடத்தத் தொடங்கியது. அதற்குப் பிறகும் அனுமதித்த ஆழத்துக்கு மேல் அள்ளுவதும் திருட்டு மணலும் நின்றபாடில்லை. பல ஆயிரம் வருஷமாகச் சேர்ந்த மணலைச் சில பத்து வருஷத்தில் அள்ளினால் என்ன ஆகும்? பாலாற்றில் மணல்தான் தொட்டி. தண்ணீர் திருடு போனால் அடுத்த மழையில் திரும்ப வரும். தொட்டியே திருடு போனால் எத்தனை மழை பெய்து என்ன?

கணக்குப் பதிவியலில் சுரங்கம், குவாரி மாதிரிச் சொத்துகளுக்கு ஒரு விதி உண்டு. எடுக்க எடுக்கக் குறையும் சொத்து என்பதால், எடுத்த அளவுக்கு மதிப்பைக் குறைத்து எழுதிக்கொண்டே வர வேண்டும். பாலாற்று மணலுக்கு யாரும் அப்படி எழுதவில்லை. என் தாத்தாவின் நோட்டில் மட்டுமில்லை, எந்த அப்பார்ட்மெண்டின் விலையிலும் அந்த வரி கிடையாது.

ஆறு திரும்பி வந்த நாள்

2021 நவம்பரில் நான் பன்னிரண்டாம் வகுப்பு. பாலாறு அணைக்கட்டில் விநாடிக்குச் சுமார் ஒரு லட்சம் கன அடி தண்ணீர் வந்தது. 1903 நவம்பரில் வாணியம்பாடியில் பல உயிர்களைக் கொண்டு போன வெள்ளத்தோடு அதை ஒப்பிட்டுப் பேசினார்கள். எங்கள் ஊரே பாலத்தில் நின்று வேடிக்கை பார்த்தது. போலீஸ் விரட்ட விரட்ட மறுபடி வந்து நின்றோம். பழுப்பு நிறத்தில், இரண்டு கரையும் தொட்டுக்கொண்டு, முள்ளுக்காட்டையெல்லாம் மூழ்கடித்து ஓடியது. அப்பா ஆயாவை வண்டியில் உட்கார வைத்துக் கூட்டி வந்தார். ஆயா ஒன்றும் பேசவில்லை. கையெடுத்துக் கும்பிட்டார், அவ்வளவுதான்.

பெரும்பகுதித் தண்ணீர் கடலுக்குப் போனது. ஈசூர் - வள்ளிபுரம், வயலூர் தடுப்பணைகளில் தேங்கியதால் அந்தப் பக்கத்துக் கிணறுகளில் தண்ணீர் ஏறியதாகச் சொன்னார்கள். கொஞ்சம் தடுத்தாலும் ஆறு பலன் தருகிறது என்றால், இன்னும் கொஞ்சம் உயிர் இருக்கிறது என்றுதானே அர்த்தம்?

ஆற்றில் இன்னும் நடக்கும் திருவிழா

தண்ணீர் இல்லாவிட்டாலும் எங்கள் ஊர்க்காரர்கள் ஆற்றை மறக்கவில்லை. பொங்கலை ஒட்டி வரதராஜப் பெருமாள் பார்வேட்டைக்குப் பழையசீவரம் மலைக்குப் போவார், திருமுக்கூடலுக்கும் போவார். கரும்பும் கட்டுச்சோறுமாக ஆற்று மணலில் கூட்டம் நிறைந்திருக்கும். பசங்களுக்கு அன்றைக்கு மணலில் கபடி, கிரிக்கெட்.

சித்ரா பௌர்ணமிக்கு அய்யங்கார்குளம் நடவாவிக் கிணறு. பூமிக்கு அடியில் மண்டபம் கட்டிய படிக்கிணறு. தண்ணீரை இறைத்துவிட்டுப் பெருமாளை உள்ளே எழுந்தருளப் பண்ணுவார்கள். அங்கிருந்து பெருமாள் பாலாற்றுக்கு வருவார். ஆற்று மணலில் பள்ளம் தோண்டி, ஊறல் உற்சவம் என்று ஒன்று நடக்கும். சின்ன வயதில் பார்த்தபோது எதற்கு ஆற்றில் பள்ளம் தோண்டுகிறார்கள் என்று புரியவில்லை. இப்போது புரிகிறது. தோண்டினால் ஊறும் என்ற நம்பிக்கையில் பிறந்த திருவிழா அது. ஆயா கையால் நோண்டிக் குடத்தில் மொண்ட அதே ஊற்று. பெருமாளுக்கு மூன்றடியில் தண்ணீர் கிடைக்கும் வரைதான் அந்தத் திருவிழாவுக்கு அர்த்தம் இருக்கும்.

கடைசியாக ஒரு வார்த்தை. பஸ்ஸில் சிரித்த நண்பன் சென்னைக்காரன். அவன் இருப்பது பத்து மாடி அப்பார்ட்மெண்ட். அது எந்த ஆற்று மணலில் கட்டியது என்று அவனிடம் கேட்கலாம் என்று நினைத்தேன். பிறகு எங்கள் வீட்டு 22 வண்டி ஞாபகம் வந்தது. பேசாமல் இருந்துவிட்டேன். வரும் சித்ரா பௌர்ணமிக்கு அவனையும் கூட்டிக்கொண்டு ஆற்றுக்குப் போவதாக இருக்கிறேன். எத்தனை அடியில் தண்ணீர் வருகிறது என்று இரண்டு பேரும் சேர்ந்தே பார்க்கிறோம்.

உங்கள் ஊரில் எந்த ஆறு? அதில் கடைசியாக எப்போது தண்ணீர் பார்த்தீர்கள்? வீட்டில் பெரியவர்களைக் கேட்டுப் பாருங்கள்.